ஸ்கார்வோயாவின் உதவி மேயர்

அல்பேர்ட் வீட்டிலும் கை உயர்த்திவிட்டுத்தான் கதைப்பார். ஒரு விரல் உயர்ந்தால் நீளமாகப் பேசப்போகிறார் என்று பொருள். இரண்டு விரல் என்றால், இப்போது பேசியவருக்குச் சின்னதாக ஒரு மறுமொழி இருக்கிறது, ஒரு நிமிடம் போதும். நோர்வேயில் கூட்டங்களுக்குப் போகிற எல்லாருக்கும் தெரிந்த வழக்கம்தான். தலைவர் பெயரைக் குறித்துக்கொண்டு முறைப்படி அழைப்பார். ஒஸ்லோவில், அம்மருட்டின் ஐந்தாம் மாடி வீட்டில், சாப்பாட்டு மேசைக்குத் தலைவர் என்று ஒருவரும் இல்லாதபடியால், அவருடைய விரல்கள் பல நேரம் அந்தரத்தில் நிற்கும். புட்டு ஆறும். மனைவி அனஸ்ரேசியா மின்கட்டணம், மாடிப்படி கழுவும் முறை, இளையவனின் தலைமயிர் எல்லாவற்றையும் சொல்லி முடித்து மூச்சு வாங்கிய பிறகு, "சரி, இப்ப சொல்லுங்கோ" என்பாள். அவர் விரல்களை இறக்கி, "நன்றி" என்று சொல்லித் தொடங்குவார்.

மகள் மேரின் இதை அறிவு தெரிந்த நாள் முதல் பார்க்கிறாள். எல்லா அப்பாமாரும் இப்படித்தான் என்று கொஞ்சக் காலம் நினைத்திருந்தாள். பிறகு அரசறிவியல் படிக்கப் பல்கலைக்கழகம் போனாள். அந்தக் குடும்பத்தில் அந்த வாசலை மிதித்த முதல் ஆள் அவள்தான். ஒரு வகுப்பில் பேராசிரியர், உள்ளூராட்சியில் பதவி வகித்த யாரையாவது உங்களுக்கு நேரில் தெரியுமா என்று கேட்டார். மேரினின் கை பாதி எழும்பி இறங்கிவிட்டது. தெரியும் என்றால், அவர் என்ன செய்தார் என்பது அடுத்த கேள்வியாக வரும். அதற்கு அவளிடம் இரண்டு பதில்கள் இருந்தன. இரண்டும் உண்மை என்பதுதான் சிக்கல்.

யாழ்ப்பாணத்துக்கு அருகே ஒரு தீவில் பிறந்த அல்பேர்ட், அகதியாக நோர்வேக்கு வந்து, வேலை கிடைத்த இடம் என்று வடக்கே பின்மார்க் வரை போய்ச் சேர்ந்தது இன்னொரு தீவில். ஸ்கார்வோயா. மரம் இல்லை, குளிர்காலத்தில் வெயில் இல்லை. ஆனால் மீன் தொழிற்சாலை இருந்தது. அங்கே வெட்டுமேசையில் நின்ற பாதிப் பேர் தமிழர்கள். ஆயிரம் பேர்கூட இல்லாத அந்தத் தீவு தனியாக ஒரு கொம்யூன், அதாவது ஓர் உள்ளூராட்சி. அதற்கென்று ஒரு சபை, ஒரு மேயர், ஒரு பள்ளிக்கூடம், ஒரு தாதி.

தாதியின் பெயர் ஜூலியா. தீவில் பிறந்த எல்லாத் தமிழ்ப் பிள்ளைகளையும் நிறுத்துப் பார்த்தவள். தாய்மாருக்கு மாலையில் மொழி சொல்லிக்கொடுத்தவள். மேரின் பிறந்த கிழமை பனிப்புயலில் படகு ஓடாமல் நின்றபோது, அனஸ்ரேசியாவின் பக்கத்தில் இரண்டு நாள் இருந்தவளும் அவள்தான். பள்ளிக்கூடத்தைப் பூட்டிவிட்டுப் பிள்ளைகளைப் படகில் கரைக்கு அனுப்பலாம் என்று கொம்யூன் அலுவலகத்தில் பேச்சு அடிபடத் தொடங்கியதும், ஜூலியா பெரிய கட்சிகளை நம்பாமல் தேர்தலுக்குத் தானே ஒரு வேட்பாளர் பட்டியல் போட்டாள். பட்டியலுக்கு ஆட்கள் காணாது. தொழிற்சாலைச் சாப்பாட்டு அறையில் அல்பேர்ட்டைப் பிடித்தாள்.

"உன் பெயரைக் கடைசியில் போடுகிறேன். கடைசிப் பெயர் ஒருநாளும் தெரிவாகாது. பயப்படாதே" என்றாள். நோர்வேஜிய மொழியில் மேயருக்கும் மீன் வெட்டுகிறவனுக்கும் ஒரே "நீ"தான்.

அல்பேர்ட் பயப்படவில்லை. பெருமைப்பட்டார். பெருமையை மனதோடு வைத்திருந்தால் ஒன்றும் நடந்திராது. சின்னராசாவிடம் சொன்னார்.

சின்னராசா அவரோடு ஒரே மேசையில் மீன் வெட்டியவர். ஊரில் ஒரு வேட்பாளருக்கு வாக்குச்சாவடி முகவராக இருந்த அனுபவம் உள்ளவர். அந்த அனுபவத்தைக் காட்ட நோர்வே அவருக்கு ஒரு சந்தர்ப்பமும் கொடுத்திருக்கவில்லை. ஸ்கார்வோயாவில் வாக்களிப்பது இலகு. பிடித்த பட்டியலை எடுத்து, மடித்து, பெட்டியில் போட்டால் சரி. பெயருக்குப் பக்கத்தில் சின்னக் கட்டங்கள் இருக்கும். விரும்பினால் அடையாளம் இடலாம், இடாமலும் விடலாம். தீவு நோர்வேஜியர்கள் ஒருவரும் அதைத் தொடுவதில்லை. எல்லாரும் எல்லாருக்கும் சொந்தம், ஒருவருக்குப் போட்டால் மற்றவர் கோபிப்பார்.

"கட்டத்தைக் கண்டியளோ? இதுதான் விருப்பு வாக்கு" என்று சின்னராசா வீடு வீடாகப் போய் விளங்கப்படுத்தினார். "கட்சிக்கு ஒண்டு, ஆளுக்கு ஒண்டு. ஆளுக்குப் போடாட்டில் வாக்குச் செல்லாது. ஊரிலை எத்தினை ஆயிரம் இப்பிடிப் பழுதாப் போனது தெரியுமோ?"

"ஆருக்குப் போடுறது?" என்று ஒரு கிழவி கேட்டாள்.

"தெரிஞ்ச ஆளுக்குப் போடணை. பட்டியலிலை உனக்கு ஆரைத் தெரியும்?"

வாக்குச் செல்லாமல் போய்விடும் என்ற பயத்தில், தீவின் தமிழர்கள் எல்லாரும் ஒரே பெயருக்கு நேரே, தாள் கிழியும் அளவுக்கு அழுத்தி அடையாளம் போட்டார்கள். ஜூலியாவின் பட்டியலுக்கு ஒரே ஓர் இடம் கிடைத்தது. அந்த இடம் கடைசிப் பெயருக்குப் போனது.

முடிவை அறிவித்தது பள்ளிக்கூடத்து விளையாட்டு மண்டபத்தில். ஒன்பது வயது மேரின் அங்கே தரையில் இருந்தாள். ஜூலியாவின் முகம் சிவந்து, பிறகு சாதாரணமானதை அவள் பார்த்தாள். அல்பேர்ட் ஜூலியாவிடம் போய், இது பிழை, நான் விலகிவிடுகிறேன் என்றார்.

"விலக முடியாது. தெரிவானால் இருக்கத்தான் வேண்டும், அது சட்டம்" என்றாள் ஜூலியா. "என் கதிரையில் நீ இரு. ஆனால் அது நான் பள்ளிக்கூடத்துக்காகப் போட்ட கதிரை. அதை மறக்காதே."

"மறக்கமாட்டேன். பள்ளிக்கூடத்தை விடமாட்டேன்" என்றார் அல்பேர்ட். அவருடைய அரசியல் வாழ்வின் முதல் வாக்குறுதி அது. வேறு ஒன்றும் அவர் கொடுத்ததில்லை.

சபையில் பதினைந்து பேர். இரண்டு பெரிய கட்சிகளுக்கும் ஏழு, ஏழு. நடுவில் அல்பேர்ட். அடுத்த கிழமையே இரண்டு பக்கத்து ஆட்களும் கேக்கோடு வீடு தேடி வந்தார்கள். அதுவரை அந்த வீட்டுக்கு வந்த நோர்வேஜியர்கள் ஜூலியாவும் தண்ணீர்க் குழாய் திருத்துகிறவரும் மட்டும்தான். பள்ளிக்கூடத்தைத் தொடமாட்டோம் என்று சொன்ன பக்கத்துக்கு அல்பேர்ட் கை உயர்த்தினார். அவர்கள் நன்றிக்கு உதவி மேயர் பதவியைக் கொடுத்தார்கள்.

"உதவி மேயருக்கு என்ன வேலை?" என்று அல்பேர்ட் கேட்டார்.

"நான் விடுமுறையில் போனால் நீ திறந்துவைப்பாய்" என்றார் மேயர்.

"எதை?"

"எது கட்டி முடிகிறதோ, அதை."

அவருடைய காலத்தில் கட்டி முடிந்தவை துறைமுகத்துப் பொதுக் கழிப்பறையும் கழிவுநீர்த் தொட்டியும். இரண்டையும் அல்பேர்ட் கழுத்துப்பட்டி கட்டிக்கொண்டு திறந்துவைத்தார். கழிப்பறை முன்னால் கத்திரிக்கோலோடு நிற்கும் படம் அம்மருட் வீட்டு வரவேற்பறையில் இன்னமும் தொங்குகிறது. பின்னால் உள்ள கதவு என்ன கதவு என்று வருகிறவர்களுக்கு அவர் சொல்வதில்லை.

ஆனால் பள்ளிக்கூடத்து விஷயத்தில் அவரைக் கேலி செய்ய மேரினால் முடியவில்லை. ஒவ்வொரு நவம்பரிலும் வரவு செலவுத் திட்டத்தோடு பூட்டுவிழாத் திட்டமும் வரும். சபையைப் பார்க்கப் பொதுமக்களுக்குப் பின் வரிசையில் இடம் உண்டு. அனஸ்ரேசியா பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போவாள், கூடவே ஒரு பெட்டி மீன் கட்லட்டும் போகும். எதிர்க்கட்சிக்காரர்கள் அந்தக் கட்லட்டை முதலில் முடிப்பார்கள். அல்பேர்ட் ஒரு விரலை உயர்த்தி, அழைக்கும்வரை காத்திருந்து, எழும்பி நிற்பார்.

"நானும் ஒரு தீவில் பிறந்தவன்" என்பார், சொற்களை ஒவ்வொன்றாக எடுத்து வைத்து. "பள்ளிக்கூடம் பூட்டினால் முதலில் ஆசிரியர் போவார். பிறகு சின்னப் பிள்ளைகள் உள்ள தாய்மார் போவார்கள். பிறகு கடை. கடைசியில் மிஞ்சுவது கோயிலும் நாயும்தான். நான் பார்த்திருக்கிறேன். நீங்கள் பார்க்கவில்லை."

எட்டுக்கு ஏழு. மூன்று நவம்பர், மூன்று முறையும் எட்டுக்கு ஏழு வாக்கில் பள்ளிக்கூடம் தப்பியது. மூன்றாம் முறை பின் வரிசையில் இருந்த ஜூலியா எழும்பி வந்து, எல்லாருக்கும் முன்னால் அவரைக் கட்டிப்பிடித்தாள். அனஸ்ரேசியா கூரையைப் பார்த்தாள்.

மேரினுக்குப் பன்னிரண்டு நடந்தது. தீவுப் பிள்ளைகள் பதினாறு வயதில் மேல்வகுப்புக்குக் கரைக்குப் போய், அறை எடுத்துத் தனியே தங்கிப் படிப்பார்கள். அங்கே அதுதான் வழக்கம்.

"இஞ்சருங்கோ" என்று அனஸ்ரேசியா தொடங்கினாள். "பதினாறு வயதுக் குமரைத் தனிய அறையிலை விடப்போறியளோ?"

"இன்னும் நாலு வருசம் கிடக்குதப்பா. இஞ்சை எல்லாப் பிள்ளையளும் அப்பிடித்தானே."

"எல்லாப் பிள்ளையளும் என்ரை பிள்ளையளோ? அங்கை ஒஸ்லோவுக்குப் பக்கத்திலை, லில்லெஸ்ட்ரோமிலை அக்கா இருக்கிறா. தமிழ்ப் பள்ளிக்கூடம் இருக்கு. தமிழிலை பூசை இருக்கு. இஞ்சை என்ன இருக்கு?"

"பதவி முடிய ஒரு வருசம் இருக்கு."

"பதவி! மூண்டு வருசமா நான் கட்லட் பொரிச்சதுதான் கண்டது. நீங்கள் ஆற்றையோ பிள்ளையளின்ரை பள்ளிக்கூடத்துக்கு நிண்டு கத்துறியள். உங்கடை பிள்ளையின்ரை படிப்புக்கு ஆர் கத்துறது?"

அல்பேர்ட்டின் இரண்டு விரல்களும் எழும்பின. அனஸ்ரேசியா அழைத்தபோது "நன்றி" என்று மட்டும் சொல்லி அவற்றை இறக்கினார்.

கோடை விடுமுறை தொடங்கிய கிழமை அவர்கள் விரைவுப்படகில் ஏறினார்கள். துறைமுகத்துக்கு ஜூலியா வந்திருந்தாள். பெட்டிகளைப் பார்த்து, "இவ்வளவுமா?" என்றாள்.

"விடுமுறைக்குத்தான். மனைவியின் அக்கா வீட்டுக்கு" என்றார் அல்பேர்ட்.

மேரின் பக்கத்தில் நின்றாள். அவளுடைய கட்டில் கழற்றிக் கட்டப்பட்டு, முதல் நாள் சரக்குப் படகில் போய்விட்டது அவளுக்குத் தெரியும். ஜூலியா அவள் தலையைத் தடவி, "ஆகஸ்டில் பார்ப்போம்" என்றாள். மேரின் ஓம் என்று தலையாட்டினாள்.

நோர்வேயில் முகவரியை மாற்றினால் கொம்யூனுக்குத் தானாகவே தெரிந்துவிடும். வேறு கொம்யூனில் குடியிருப்பவருக்குச் சபையில் இடமில்லை. ஆகஸ்டில் ஸ்கார்வோயாவின் உதவி மேயர் இல்லாமல் போனார். பள்ளிக்கூடத்தில் மூன்று பிள்ளைகள் குறைந்தார்கள். உதவி மேயரே போய்விட்டார், இனி இங்கே என்ன என்று அடுத்த மாதமே சின்னராசா தன் பிள்ளைகளோடு புறப்பட்டார். அவருக்குப் பின்னால் இன்னும் இரண்டு குடும்பம். சபையில் இருந்த காலம் முழுவதும் அல்பேர்ட்டின் பேச்சைக் கேட்டு ஒருவரும் எங்கும் போனதில்லை. மக்கள் அவருக்குப் பின்னால் திரண்டது அந்த ஒரு முறைதான்.

அவர் விட்ட கதிரை, பட்டியலில் அடுத்ததாக நின்ற ஜூலியாவுக்கு வந்தது. அவள் அதில் இருந்த முதல் நவம்பரிலேயே பூட்டுத் திட்டம் மறுபடி வந்தது. வகுப்பில் பத்துப் பிள்ளைகள்கூட மிச்சமில்லை. ஆசிரியர் வேறு இடம் தேடிக்கொண்டுவிட்டார். அந்தச் சபையில் கையைக் கட்டிக்கொண்டு சும்மா இருக்க முடியாது. உறுப்பினர் ஒவ்வொருவரும் ஆம் அல்லது இல்லை என்று வாக்களித்தே ஆகவேண்டும். ஜூலியா பூட்டுவதற்குக் கை உயர்த்தினாள். மிச்சமிருந்த பிள்ளைகளில் ஒருவன் அவளுடைய மகளின் மகன். அடுத்த வருடம் அந்த மகளும் பேரனும் தெற்கே வந்து குடியேறினார்கள். குடியேறிய இடம் லில்லெஸ்ட்ரோம், அனஸ்ரேசியாவின் அக்கா வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி.

ஒஸ்லோவில் அல்பேர்ட் பேருந்து ஓட்டினார். அம்மருட்டில் குடியிருப்புச் சங்க நிர்வாகத்தில் இருந்தார். போன உள்ளூராட்சித் தேர்தலில் ஒரு கட்சி அவரைத் தேடி வந்து, வட்டாரச் சபைக்கு நிற்கச் சொன்னது. அனுபவமுள்ள வெளிநாட்டவர் தேவைப்பட்டார். துண்டுப்பிரசுரத்தின் நோர்வேஜிய எழுத்தைப் பார்த்துத் தரும்படி மேரினிடம் கொடுத்தார். படத்துக்குக் கீழே "தீவின் பள்ளிக்கூடத்தைக் காப்பாற்றியவர்" என்று இருந்தது.

"அப்பா, இது பொய்."

இரண்டு விரல் எழும்பியது. மேரின் வேண்டுமென்றே காக்கவைத்தாள்.

"சரி, சொல்லுங்கோ."

"பொய் இல்லைப் பிள்ளை. மூண்டு தரம் காப்பாற்றினனான். கூட்டக் குறிப்பெல்லாம் கிடக்கு, போய்ப் பார்."

"நாலாம் தரம்?"

"நாலாம் தரம் நான் சபையிலை இல்லையே."

மேரின் எழுத்துப்பிழையை மட்டும் திருத்திக் கொடுத்தாள். வசனத்தைத் தொடவில்லை. ஏன் தொடவில்லை என்று பல நாள் யோசித்தாள். அவளுடைய பட்டச் சான்றிதழ் அந்தக் கதையின் மறுபக்கத்தில் தொங்குகிறது. ஸ்கார்வோயாவிலேயே இருந்து, பதினாறு வயதில் கரையில் அறை எடுத்திருந்தாலும் அவள் படித்திருக்கக்கூடும். படிக்காமலும் விட்டிருக்கக்கூடும். இதற்கு ஆய்வு முறை எதுவும் அவளுக்குக் கற்பிக்கப்படவில்லை.

தேர்தலில் ஒஸ்லோத் தமிழர்களுக்குக் கட்டங்கள் பற்றி எல்லாம் தெரிந்திருந்தது. தமிழ் வேட்பாளர்களும் பலர். சின்னராசா ஸ்ட்ரோம்மனில் வீடு வாங்கியிருந்தார். அது வேறு கொம்யூன் என்பதால் அவருக்கு இங்கே வாக்கில்லை. இருந்தும் தினமும் தொலைபேசியில் உத்தி சொன்னார். அல்பேர்ட் மூன்றாவது மாற்று உறுப்பினரானார். அதாவது, மூன்று பேருக்கு ஒரே நேரத்தில் காய்ச்சல் வந்தால் அவரை அழைப்பார்கள்.

சென்ற இலையுதிர்காலத்தில் தன் மகளைப் பார்க்க வந்த ஜூலியாவை, ஸ்ட்ரோம்மன் கடைத்தொகுதியில் அல்பேர்ட்டும் மேரினும் எதிர்பாராமல் கண்டார்கள். பதினான்கு வருடத்துக்குப் பிறகு. மூன்று பேரும் கோப்பி குடித்தார்கள். அல்பேர்ட் பேரனின் படிப்பை விசாரித்தார், வீட்டு விலை ஏறியதைச் சொன்னார், மழையைப் பற்றிச் சொன்னார். ஜூலியா கேட்டுக்கொண்டிருந்தாள்.

"பள்ளிக்கூடக் கட்டடத்தை அடுத்த கோடையில் இடிக்கிறார்கள்" என்றாள் பிறகு. "ஆகஸ்டில் ஒருநாள் எல்லாரும் கூடுகிறோம். நீ வா."

"நிச்சயமாக. ஒரு பேச்சு..."

"பேச்சு வேண்டாம். விடுமுறைக்குப் போகிறேன் என்று என்னிடம் சொன்னாயே, அன்றைக்கு என்ன சொல்லியிருக்க வேண்டுமோ, அதை வந்து சொல். ஆட்கள் நீ போனதற்குக் கோபிக்கவில்லை. எல்லாரும்தான் போகிறார்கள். உன் வாயால் ஒருவரும் கேட்கவில்லை, அவ்வளவுதான். பள்ளிக்கூடத்தை நான் இனிக் கேட்கப்போவதில்லை. இந்த ஒன்றை எனக்குக் கொடு."

அல்பேர்ட் கோப்பிக் கோப்பையைப் பார்த்தார். "வருகிறேன்" என்றார். அந்தச் சொல்லை அவர் அப்போது நம்பிச் சொன்னார் என்றே மேரின் நினைக்கிறாள்.

விமானத்துக்கு இரண்டு பேருக்கும் மேரின் பதிவு செய்தாள். அல்பேர்ட் ஒரு மாதமாகக் கண்ணாடி முன்னால் நின்று பயிற்சி எடுத்தார். "நான் பொய் சொன்னேன்" என்ற இடம் வரும்போது மட்டும் தொண்டையைச் செருமிக்கொண்டு தண்ணீர் குடிக்கப் போவார். புறப்படுவதற்கு முதல் நாள் தொலைபேசி வந்தது. வட்டாரச் சபையில் ஒருவர் பிரசவ விடுமுறை, ஒருவர் கால் முறிந்து கிடக்கிறார், மற்ற இரண்டு மாற்று உறுப்பினர்களும் வெளிநாட்டில். நாளை மறுநாள் கூட்டம்.

"நான் போகத்தான் வேணும்" என்றார் அல்பேர்ட். முகத்தில் பதினைந்து வருடமாகக் காணாத வெளிச்சம். "மாற்று உறுப்பினரை அழைச்சால் போறது கடமை. சட்டம்."

"தகுந்த காரணம் சொன்னால் விடுவினம் அப்பா. நீங்களே எனக்குச் சொல்லித் தந்தது."

"இது என்ன காரணம் எண்டு சொல்லுறது?"

"உண்மையைச் சொல்லுங்கோ."

அனஸ்ரேசியா குசினியில் இருந்து எட்டிப் பார்த்தாள். "என்னத்தைப் பற்றியாம் கூட்டம்?"

அல்பேர்ட் கைப்பேசியில் நிகழ்ச்சி நிரலைத் தேடினார். நடைபாதை ஓரங்களில் ஆட்கள் இருந்து இளைப்பாறப் புதிய வாங்குகள் போடுவது பற்றி. "வயதுபோன ஆக்களுக்கு அது முக்கியமான விசயம்" என்றார்.

"அப்ப நீங்களும் போய் ஒண்டிலை இருங்கோ" என்று சொல்லி அனஸ்ரேசியா உள்ளே போனாள்.

மேரின் தனியே போனாள். இரண்டு விமானம், ஒரு படகு. வழி முழுவதும் தான் சொல்லப்போவதை அவள் எழுதி எழுதி அழித்தாள். பள்ளிக்கூடத்து மண்டபம் நினைவில் இருந்ததைவிடச் சிறியது. வாஃபிள் அப்பம் மணந்தது. வந்திருந்தவர்கள் பெரும்பாலும் வயதானவர்கள். ஜூலியா வாசலில் நின்று அவளுக்குப் பின்னால் பார்த்தாள். பார்த்துவிட்டு அவளை உள்ளே கூட்டிப்போனாள்.

பழைய மேயர் பேசினார். பழைய ஆசிரியர் பேசினார். மேரின் எழும்பினாள். "நான் அல்பேர்ட்டின் மகள். அப்பாவுக்குப் பதிலாக நான்..." என்று தொடங்கினாள். "நாங்கள் விடுமுறைக்குப் போகவில்லை. என் கட்டில் முதல் நாளே போய்விட்டது. எனக்குத் தெரியும். நான் உங்களிடம் மன்னிப்பு..."

"மேரின்" என்றாள் ஜூலியா, இருந்த இடத்திலிருந்தே. கோபம் இல்லாத, பிள்ளையைத் தராசில் ஏற்றுகிற குரல். "உனக்கு அப்போது பன்னிரண்டு வயது. நீ எனக்கு எதுவும் தரவேண்டியதில்லை. இதை உன்னிடமிருந்து நான் வாங்கமாட்டேன். இரு, வாஃபிள் ஆறுகிறது."

மேரின் இருந்தாள். பக்கத்தில் இருந்த கிழவர் ஜாம் போத்தலை அவள் பக்கம் தள்ளினார். அடுத்த நாள் இயந்திரங்கள் வரும் என்று யாரோ சொன்னார்கள். அவள் அழவில்லை. சொன்னதை வாங்க மறுத்தால் அதை எங்கே வைப்பது என்று மட்டும் யோசித்தாள்.

அவள் அம்மருட்டுக்குத் திரும்பியபோது அல்பேர்ட் உற்சாகமாக இருந்தார். வாங்குகள் பற்றி மூன்று நிமிடம் பேசியிருந்தார். இரண்டு வாங்குகள் கூட்டித் தர ஒத்துக்கொண்டார்களாம். அதையெல்லாம் சொல்லி முடித்த பிறகுதான், காலுறையைக் கழற்றுகிற சாட்டில் குனிந்துகொண்டு கேட்டார்.

"என்னைப் பற்றி ஏதும் கேட்டவையோ?"

"ஓம்."

"என்ன கேட்டவை?"

"எப்ப வருவார் எண்டு."

அப்படி ஒருவரும் கேட்கவில்லை. ஜூலியா வாசலில் அவளுக்குப் பின்னால் பார்த்தது மட்டும்தான். அதைத் தமிழில் எப்படிச் சொல்வது என்று மேரினுக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

அல்பேர்ட் மற்றக் காலுறையையும் கழற்றினார். "கட்டாயம் வருவன் எண்டு அவவுக்கு ஒரு மெசேஜ் போட்டுவிடு பிள்ளை" என்றார். "அடுத்த கோடை."

"நீங்களே போடுங்கோ அப்பா" என்று மேரின் ஜூலியாவின் இலக்கத்தை அவருடைய கைப்பேசியில் எடுத்து, அவர் கையில் கொடுத்தாள்.

அவர் அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். திரை தானாக அணைந்தது.